மார்ஃபியஸுக்கு நிஜமாகவே கோயில் இருந்ததா?

கேள்வி: ஒரு ஃபேன்டசி கதைக்காகக் கனவுகளை ஆளும் தெய்வங்களைப் பற்றிப் படிக்கிறேன். மார்ஃபியஸைக் கிரேக்கர்கள் கும்பிட்டார்களா, இல்லை கவிஞர் கட்டிவிட்டதா?

பதில் 1: கட்டிவிட்டதுதான். பழைய கிரேக்கக் கவிஞர் ஹெசியடிடம் கனவுகள் இரவின் பிள்ளைகள், பெயரில்லாத கூட்டம், அவ்வளவுதான். அதற்குப் பெயர் வைத்து இலாகா பிரித்துக் கொடுத்தவர் ரோமக் கவிஞர் ஓவிட், கி.பி. 8 வாக்கில்: மார்ஃபியஸ் மனித உருவில் வருவான், ஃபோபெட்டர் விலங்காக, பாம்பாக, ஃபான்டசஸ் பாறை, தண்ணீர், மரமாக.

பதில் 2: ஓவிட் விவரிக்கும் தூக்கக் கடவுளின் குகைக்குக் கதவே கிடையாது, கீல் கிறீச்சிட்டால் தூக்கம் கலைந்துவிடுமே! வாசலில் கசகசாச் செடிகள் வேறு. அப்புறம் மார்ஃபியஸ், கப்பல் கவிழ்ந்து செத்த கணவனின் உருவெடுத்து, நனைந்த தாடியும் நீர் சொட்டும் தலையுமாக அவன் மனைவி கட்டிலருகே போய் நிற்கிறான். துக்கச் செய்தி சொல்ல இவ்வளவு நாடகமா என்று எனக்கு எரிச்சல்தான் வந்தது.

பதில் 3: மார்ஃபியஸை விடுங்கள், கிரீஸில் சிக்கியோன் ஊரில், மருத்துவக் கடவுள் அஸ்க்லேபியஸின் கோயிலில் கனவுக்கே ஒரு சிலை இருந்தது. கி.பி. 2ஆம் நூற்றாண்டில் பாசனியஸ் என்ற கிரேக்கப் பயண எழுத்தாளர் அதைப் பற்றி எழுதியிருக்கிறார். பக்கத்தில் சிங்கத்தைத் தூங்க வைக்கும் தூக்கக் கடவுள்.

கேள்வி கேட்டவர்: சரி, அந்தச் சிங்கத்தை நான் எடுத்துக்கொள்கிறேன்!