மறுமொழி: 'தயாரிப்பு வடிவமைப்பாளர்' வேண்டாமே

நண்பர்களுக்கு வணக்கம்.

ப்ரொடக்‌ஷன் டிசைனருக்கு, அதாவது ஒரு படத்தின் காட்சித் தோற்றம் முழுவதையும் தீர்மானிப்பவருக்கு, தமிழில் என்ன சொல்வது என்று இங்கே பேசிக்கொண்டிருக்கிறோம். 'தயாரிப்பு வடிவமைப்பாளர்' என்று ஐயா ஒருவர் சொன்னதில் எனக்கு ஒரு சங்கடம். நம் சினிமாவில் தயாரிப்பு என்றாலே பணப் பக்கம். தயாரிப்பாளர், தயாரிப்பு நிர்வாகி வரிசையில் இவரையும் நிறுத்தினால், பட்ஜெட் போடுகிறவர் என்றுதான் நினைப்பார்கள். 1939இல் 'கான் வித் த விண்ட்' படத்துக்காக வில்லியம் கேமரன் மென்சிஸுக்கு இந்தப் பட்டம் கிடைத்தபோது, படம் முழுவதும் கண்ணுக்கு எப்படித் தெரிய வேண்டும் என்பதே அவர் பொறுப்பாக இருந்தது.

ஆர்ட் டைரக்டருக்குச் சொல்லும் 'கலை இயக்குநர்' இவருக்கும் போதாதா என்று அண்ணன் ஒருவர் கேட்டிருந்தார். ஆஸ்கரிலேயே 2012இல்தான் 'ஆர்ட் டைரக்‌ஷன்' பரிசின் பெயரை 'ப்ரொடக்‌ஷன் டிசைன்' என்று மாற்றினார்கள், உண்மை. ஆனால் பெரிய படங்களில் இருவரும் இருக்கிறார்கள். டிசைனர் தீர்மானிக்கிறார், கலை இயக்குநர் வரைபடம், ஆசாரி, பெயிண்டர், செலவு என்று அதை நடத்திக் காட்டுகிறார். இரண்டு பேருக்கும் ஒரே சொல்லா?

'அரங்க அமைப்பாளர்' இன்னும் பழசு. சேலம் ஏற்காடு சாலையில் 1935இல் டி.ஆர். சுந்தரம் தொடங்கிய மாடர்ன் தியேட்டர்ஸ் ஸ்டுடியோ மாதிரி, மதிலுக்குள்ளேயே அரங்கு போட்டுப் படம் எடுத்த காலத்துக்கு அது சரி.

போன வருடம் ஏற்காட்டில் ஒரு குறும்படத்துக்குக் கூடமாட ஒத்தாசை செய்தேன். 1956இல் நடக்கும் கதை, காபி எஸ்டேட் பங்களா. டிஷ் ஆண்டெனாவைக் கழற்றினோம், சுவிட்ச் போர்டை மறைத்துக் காலண்டர் மாட்டினோம். கொல்லைப்புறத்துக்குப் பித்தளைக் குடம் கேட்டார் டிசைனர் அம்மா. கடைவீதியில் வாங்கி வந்தேன், பளபளவென்று. "புளி போட்டுத் தேச்ச குடம் பூஜையறையில இருக்கும்ங்க, கொல்லையில இருக்குமா?" என்று திருப்பி அனுப்பிவிட்டார்! நசுங்கிக் கறுத்த ஒன்றைப் பக்கத்து வீட்டில் இரவல் வாங்கினேன்.

டிசைனர் பார்ப்பது இதைத்தான்: எந்த இடம், எந்தக் காலம், அங்கே இருப்பவர்கள் எதைப் புழங்குவார்கள். தொல்காப்பியர் நிலத்தையும் பொழுதையும் முதற்பொருள் என்றார்; உணவு, மரம், பறை, தொழில் எல்லாம் கருப்பொருள். அந்தக் 'கருப்பொருளை' எடுத்துக்கொள்ள ஆசைதான். அதைத்தான் 'தீம்' என்பதற்குக் கொடுத்துவிட்டோமே.

என் முன்மொழிவு: 'காட்சிக்கள வடிவமைப்பாளர்'. வேலைக்குக் 'காட்சிக்கள வடிவமைப்பு'. கொஞ்சம் நீளம், ஒப்புக்கொள்கிறேன். வீட்டில் சொன்னபோது, "களம்னா காபிக்கொட்டை காயவைக்கறதுதானே" என்றார்கள். சேலத்தில் ஜவ்வரிசி காய்வதும் களத்தில்தான். கதைக்களம் பழகிவிட்டது போல இதுவும் பழகும்.

அப்புறம், செட் டெக்கரேட்டருக்கு என்ன சொல்வது? நாற்காலி முதல் நகவெட்டி வரை தேடிக் கொண்டுவந்து வைப்பவர். 'அரங்கப் பொருளாளர்' என்று எழுதிப் பார்த்தேன். சங்கத் தேர்தலில் நிற்பவர் மாதிரி இருக்கிறது. வேறு யாராவது சொல்லுங்கள்.