பீஸ் ரேட் டைலர்: தீபாவளிக் கணக்கு முடிச்சா கிராஜுவிட்டி சர்வீஸ் போயிருமா?

காங்கயம்ரோடு:
திருப்பூர்ல ஒரு பனியன் கம்பெனியில எங்க சித்தி ஓவர்லாக் டைலர். 2016 ஜனவரியில சேர்ந்து 2024 செப்டம்பர்ல ராஜினாமா பண்ணீட்டாங்க. பீஸ் ரேட் (தைக்கற உருப்படிக் கணக்குக்குக் கூலி), வாரச் சம்பளம். வருசா வருசம் தீபாவளி போனஸ் குடுக்கறப்ப "பாக்கி எதுவும் இல்லை"ன்னு கையெழுத்து வாங்கி, பத்து நாள் கழிச்சு புதுசாச் சேர்ந்த மாதிரி எழுதிக்குவாங்க. இப்பக் கிராஜுவிட்டி (வேலை விடறப்ப சர்வீஸ் வருசத்துக்காகக் கம்பெனி குடுக்கற பணம்) கேட்டா, புது ஆளுங்கறாங்க. லேபர் கோர்ட்டுக்குப் போலாமுங்களா?

நொய்யல்கரை:
லேபர் கோர்ட் வேண்டாமுங்க. கிராஜுவிட்டியை அங்க கேட்க முடியாதுன்னு 1979லயே உச்ச நீதிமன்றம் சொல்லியாச்சு. போனா வருசக்கணக்கா இழுத்துட்டு மனு தள்ளுபடியாகும். தொழிலாளர் துறையோட கட்டுப்பாட்டு அதிகாரிகிட்டத்தான் போகோணும். 2024ல வேலை விட்டதால பழைய 1972 கிராஜுவிட்டி சட்டந்தான் பொருந்தும்.

முதல்ல ஃபார்ம் ஐ (கம்பெனிகிட்ட கிராஜுவிட்டி கேட்கற படிவம்) எழுதி, ஒப்புகையோட தபால்ல கம்பெனிக்கு அனுப்புங்க. கையில குடுத்தா வாங்கமாட்டாங்க. மறுத்தாலோ பதிலே இல்லீன்னாலோ அந்த அதிகாரிகிட்ட ஃபார்ம் என்-ல மனு குடுங்க. இதுக்கு 90 நாள் கெடு உண்டு. தாண்டிருச்சுன்னா காரணம் சொல்லி, தாமதத்தை மன்னிக்கக் கேட்டு தனி மனு சேருங்க. கெடு தாண்டினதுக்காகவே கிராஜுவிட்டி உரிமை போயிராது.

கணக்கு: பீஸ் ரேட்டுக்கு கடைசி மூணு மாசக் கூலியோட சராசரி, ஓவர்டைம் சேராது. 78 நாள் வேலையில 46,800 வாங்கியிருந்தா நாளுக்கு 600. ஒரு வருச சர்வீஸுக்குப் பதினஞ்சு நாள் கூலி, அதாவது 9,000. சித்தியோட சர்வீஸ் எட்டு வருசம் எட்டு மாசம். ஆறு மாசத்துக்கு மேல இருக்கறதால ஒன்பது வருசமாகும். ஆக 81,000. முப்பது நாளுக்குள்ள குடுக்காததுக்கு வருசம் 10 சதவீத தனி வட்டியும் சேர்த்துக் கேளுங்க. மனுவுல வட்டியை எழுதாம விட்டுட்டுப் பின்னால அலையறவங்க நிறைய.

சர்வீஸ்புக்:
அந்தக் கையெழுத்துக்குப் பயப்பட வேண்டாமுங்க. சட்டத்தோட 14ஆம் பிரிவு எந்த ஒப்பந்தத்துக்கும் மேல நிக்கும். கம்பெனியே பத்து நாள் நிறுத்தி வெச்சது தொழிலாளி தப்பில்ல. 2ஏ பிரிவுப்படி வருசத்துல 240 நாள் வேலை இருந்தாலும் தொடர்ச்சிதான். உண்மையில அந்தப் போனஸ் சீட்டுதான் நம்ம சாட்சி: ஒவ்வொரு வருசமும் அங்கதான் இருந்தாங்கன்னு கம்பெனியே எழுதிக் குடுத்தது.

பி.எஃப். பாஸ்புக், ஈ.எஸ்.ஐ. விவரம் ரெண்டையும் எடுங்க. பாஸ்புக்குல நிறுவனப் பேரு மாறியிருக்குதான்னு பாருங்க. ஒரே மொதலாளி ரெண்டு பேருல நடத்தினா ரெண்டையும் எதிர்மனுதாரரா சேர்க்கோணும், இல்லாட்டி பாதி சர்வீஸ் காணாமப் போகும். கூலி, வருகை, போனஸ் பதிவேடுகளைக் கம்பெனி தாக்கல் செய்யோணும்னு தனி மனு போடுங்க. தராட்டி அதையே அவங்களுக்கு எதிரா எடுத்துக்கச் சொல்லி வாதாடலாம்.

காங்கயம்ரோடு:
உத்தரவு வந்தும் குடுக்காட்டி?

நொய்யல்கரை:
கம்பெனி மேல்முறையீடு பண்ண 60 நாள், காரணம் காட்டினா இன்னும் 60. ஆனா கம்பெனி முழுத்தொகையும் கட்டினாத்தான் அதை ஏத்துக்குவாங்க. மேல்முறையீடும் இல்ல, பணமும் இல்லீன்னா கட்டுப்பாட்டு அதிகாரிகிட்ட 8ஆம் பிரிவுல மனு. கலெக்டர் வருவாய் பாக்கி மாதிரி வசூல் பண்ணுவார். இங்க நிறையப் பேருக்கு நின்னு போறது இந்த இடந்தான். வாடகைக் கட்டடத்துல இருக்கற கம்பெனி எடத்தை மாத்தீட்டுப் போயிரும், தாசில்தார் ஆபீஸ்ல "ஆள் இல்லை"ன்னு ஃபைல் திரும்பும். அதனால மொதலாளி வீட்டு விலாசம், கம்பெனி பேங்க் கணக்கு, ஜி.எஸ்.டி. எண், மெஷின் இருக்கற எடம் எல்லாத்தையும் கேஸ் நடக்கறப்பவே குறிச்சு வெச்சு, மனுவோட சேர்த்துக் குடுங்க.