ஓய்வுபெற்ற ஆசிரியருக்குக் கருத்தியலான பதவி உயர்வு: ஆணை நகல் வேண்டும்

வணக்கம் தோழர்களே. பணிமூப்பில் இளைய பட்டதாரி ஆசிரியருக்கு உயர்நிலைப் பள்ளித் தலைமை ஆசிரியர் பதவி உயர்வு கிடைத்து, மூத்தவர் விடுபட்டு ஓய்வும் பெற்றுவிட்டார். இப்படிப்பட்டவருக்குக் கருத்தியலாக, அதாவது அந்தப் பதவியில் பணியாற்றாவிட்டாலும் முன்தேதியிட்டுக் கணக்கில் மட்டும், பதவி உயர்வு வழங்கி ஓய்வூதியத்தைத் திருத்திய ஆணை யாரிடமாவது இருக்கிறதா?

பணிமூப்புத் திருத்த மனுவை, பணிமூப்பு நிர்ணய ஆணை தேதியிலிருந்து 3 ஆண்டுக்குள் கொடுத்திருக்க வேண்டும். பல மனுக்கள் இங்கேதான் அடிபடுகின்றன. நான் சொல்லும் ஆசிரியர் பணியிலிருந்தபோதே, கெடுவுக்குள் கொடுத்துவிட்டார். அலுவலக முத்திரையும் தேதியும் உள்ள ஒப்புகை இருக்கிறது, பணிப்பதிவேட்டு நகலும் இருக்கிறது. இல்லாதது, இளையவர் பதவி உயர்வு பெற்ற ஆண்டின் தேர்ந்தோர் பட்டியல் (பதவி உயர்வுக்குத் தேர்வானவர்களின் பெயர்ப் பட்டியல்). 10 ரூபாய் நீதிமன்றக் கட்டண வில்லை ஒட்டி, அதைக் கேட்டுத் தகவல் உரிமை மனு போட்டாயிற்று. இளையவரின் பதவி உயர்வு ஆணை எண்ணும் தேதியும் கிடைக்காமல் ஒப்பீடு நிற்காது.

நிலுவை வராவிட்டாலும் ஊதிய நிர்ணயம் மாறினால் ஓய்வூதியம் உயரும், பின்னாளில் குடும்ப ஓய்வூதியமும். கருத்தியல் பதவி உயர்வு கேட்கும் மனுவை மாவட்டக் கல்வி அலுவலகம் வழியாக அனுப்பலாமா, நேரே இயக்குநருக்கா? செய்து முடித்தவர்கள் சொல்லுங்கள்.