புதுப்பிப்பு: ‘லைசென்ஸ்’ என்று தலைப்பிட்ட வாடகைப் பத்திரம்

பழைய வண்ணாரப்பேட்டையில் நாங்கள் குடியிருக்கும் வீட்டுக்கு, உரிமையாளர் இம்முறை ‘லீவ் அண்ட் லைசென்ஸ்’ (வாடகைதாரர் உரிமை தராமல், தங்கிக்கொள்ள அனுமதி மட்டும் தரும் ஏற்பாடு) என்ற பெயரில் பத்திரம் நீட்டியதால் வாடகைதாரர் உரிமை போய்விடுமா என்று முன்பு கேட்டிருந்தேன். அதன் தொடர்ச்சி இது.

தலைப்பு எதுவாக இருந்தாலும், வீட்டின் முழு அனுபோகமும் நம் கையில் இருந்தால் அது பெரும்பாலும் குத்தகையாகவே, அதாவது வாடகைதாரர் உரிமை உள்ள ஏற்பாடாகவே, கருதப்படும் என்றும், சொற்களைவிட உள்ளடக்கமே முக்கியம் என்று 1959இல் அசோசியேட்டட் ஹோட்டல்ஸ் எதிர் ஆர்.என். கபூர் வழக்கில் உச்ச நீதிமன்றம் கூறியதே இன்றும் வழிகாட்டுகிறது என்றும் வழக்கறிஞர் விளக்கினார்.

அதைவிடப் பயனுள்ள செய்தி வேறு. 2019 பிப்ரவரியில் நடைமுறைக்கு வந்த தமிழ்நாட்டு வாடகைச் சட்டப்படி எழுத்து மூலமான ஒப்பந்தத்தை வாடகை அதிகாரியிடம் பதிவு செய்ய வேண்டும். ஒப்பந்தமே செய்துகொள்ளாவிட்டால், அதுவே வெளியேற்றக் கோருவதற்கான காரணங்களுள் ஒன்றாகிவிடும். மாறான ஒப்பந்தம் இல்லாதவரை அட்வான்ஸ் மூன்று மாத வாடகையைத் தாண்டக்கூடாது. (நம் பக்கத்தில் பத்து மாத அட்வான்ஸ் இன்னும் உயிரோடு இருப்பதற்கு அந்த விதிவிலக்குதான் காரணம் என்பது என் எண்ணம்.) தகராறு நடந்தாலும் தண்ணீரையும் மின்சாரத்தையும் உரிமையாளர் நிறுத்த முடியாது.

இவற்றை எடுத்துச் சொன்னபின், ‘வாடகை ஒப்பந்தம்’ என்றே மாற்றி எழுத உரிமையாளர் இசைந்துவிட்டார். பதிவு மட்டும் பாக்கி.