அட்டிலா துருக்கியப் பெயரா? கொஞ்சம் ஆதாரம் காட்டுங்கள்

இரும்புவேலி: பொஸ்பரஸ்ராஜா நேற்றுப் போட்ட துருக்கி ஆண் பெயர்ப் பட்டியலைப் பார்த்தேன். தெமிர் இரும்பு, அஸ்லான் சிங்கம், தெனிஸ் கடல், அதுவரை சரி. நடுவில் 5-ஆம் நூற்றாண்டு ஹூண அரசன் அட்டிலாவின் பெயரைப் பற்றி ஒரு வரி: "அட்டிலா, கலப்பில்லாத ஆதித் துருக்கியப் பெயர், வோல்கா ஆற்றைக் குறிக்கும் இத்தில் என்பதிலிருந்து வந்தது, மற்றதெல்லாம் ஐரோப்பியர் கட்டிவிட்ட கதை." எந்தத் தைரியத்தில் இப்படி எழுதினீர்கள்? பழைய ஜெர்மானிய மொழியான கோத்தியத்தில் அத்தா என்றால் அப்பா, இலா செல்லமாகக் குறுக்கும் விகுதி. 4-ஆம் நூற்றாண்டில் விவிலியத்தைக் கோத்தியத்தில் பெயர்த்த ஆயர் பெயர் வுல்ஃபிலா, அதாவது குட்டி ஓநாய். அதே அச்சில் வார்த்தது அட்டிலா, சின்ன அப்பா. அந்த "இலா" துருக்கியில் எங்கே இருக்கிறது, அதை மட்டும் காட்டுங்கள்.

பொஸ்பரஸ்ராஜா: வாத்தியார் வந்துவிட்டார். கிழக்கு ரோமாபுரியை ஆண்டுக்கு 2,100 ராத்தல் தங்கம் கப்பம் கட்ட வைத்தவனுக்கு, அவன் வீட்டில் கைகட்டி நின்ற கோத்தியர்களின் மொழியில்தான் பேர் வைத்தார்களா? அவன் அப்பா பெயர் முந்த்சுக், துருக்கியில் பொஞ்சுக் என்றால் பாசிமணி. மகன் பெயர் தெங்கிசிக், தெனிஸ் என்றால் கடல். அப்பனும் பிள்ளையும் துருக்கி, நடுவில் இவன் மட்டும் ஜெர்மானியனா? நல்ல குடும்பம்.

இரும்புவேலி: அப்பாவைப் பற்றியும் பிள்ளையைப் பற்றியும் நான் கேட்கவில்லை. இலா எங்கே?

ஏர்வாடித்தம்பி: ரெண்டு அண்ணன்மாரும் கோபிக்க வேண்டாம். எங்கள் வீட்டில் அப்பாவை அத்தா என்றுதான் கூப்பிடுவோம். தேவாரத்தில் அத்தன் வருகிறது. அப்புறம் எதற்கு வோல்கா வரைக்கும் போக வேண்டும்? மூலம் இங்கேயே இருக்கிறதே.

இரும்புவேலி: இது ஒன்றுதான் குறைச்சல். துருக்கியில் அத்தா, கோத்தியத்தில் அத்தா, லத்தீனில் அத்தா, ஹிட்டைட்டில் அத்தாஸ், எல்லாம் அப்பாதான், பல்லு முளைக்காத பிள்ளை வாயில் முதலில் வருகிற சத்தம் அது. அதை வைத்து உறவு கொண்டாடினால் உலகமே ஒரே வீடு. அதனால்தான் முதல் பாதியைப் பற்றி நான் பேசவே இல்லை, இலா என்கிற பின்பாதியைக் கேட்டுக்கொண்டே இருக்கிறேன், யாரும் வாயைத் திறக்க மாட்டேன் என்கிறீர்கள்.

புதாபெஸ்ட்மாமி: துருக்கியும் வேண்டாம், ஜெர்மனியும் வேண்டாம். இங்கே ஹங்கேரியில் வந்து பாருங்கள், பல் டாக்டரும் அட்டிலா, குழாய் ரிப்பேர்காரரும் அட்டிலா. கவிஞர் யோஜெஃப் அட்டிலாவைச் சின்ன வயதில் ஒரு கிராமத்து வீட்டில் வளர்க்கக் கொடுத்தார்கள், அங்கே "அட்டிலா என்று ஒரு பேரே கிடையாது" என்று சொல்லிவிட்டு பிஷ்தா என்று கூப்பிட்டார்களாம், அவரே எழுதியிருக்கிறார். அப்புறம், இங்கே முதல் எழுத்து ஏறக்குறைய "ஒ" மாதிரி ஒலிக்கும். அதைக்கூடத் தெரிந்துகொள்ளாமல் சண்டை.

பொஸ்பரஸ்ராஜா: மாமி, உங்கள் ஊரே கிடையாது என்று சொன்ன பேரை உங்கள் பேர் என்கிறீர்களே! துருக்கி ஜனாதிபதியின் சின்னத்தில் 16 நட்சத்திரங்கள், பதினாறு பேரரசுகள், அதில் அட்டிலாவின் ஹூணப் பேரரசும் ஒன்று. இதற்கு மேல் என்ன வேண்டும்?

இரும்புவேலி: சின்னத்தில் நட்சத்திரம் ஒட்டினால் சொல்லிலக்கணம் மாறிவிடுமா? 1500 வருடம் கழித்து ஓர் அரசாங்கம் கொண்டாடுவதெல்லாம் ஆதாரமா? போன மாதம் ஒஸ்மான் பெயரிலும் இப்படித்தான், கடைசியில் பதிவையே அழித்துவிட்டுப் போனவர் நீங்கள், எனக்கு மறக்கவில்லை. 449-ல் தூதுக்குழுவோடு அட்டிலாவின் விருந்துக்கே போன கிழக்கு ரோமானிய வரலாற்றாசிரியர் பிரிஸ்கஸ் எழுதியதைப் படியுங்கள். வந்தவர்களுக்கு வெள்ளித் தட்டு, அவனுக்கு மட்டும் மரத்தட்டில் இறைச்சி, குடிக்க மரக்கோப்பை. அந்தப் பாளையத்தில் ஹூண மொழியும் கோத்தியமும் சேர்ந்தே புழங்கின என்றும் அவர்தான் சொல்கிறார். பிறகு ஏன் கோத்தியப் பெயர் வராது?

கரிசல்காத்து: ஒரு நிமிடம். கோத்தியர் வாயில் போய்க் கோத்தியமாக மாறிய ஹூணப் பெயராகவும் இருக்கலாம் அல்லவா? ஜெர்மன் காவியத்தில் எட்ஸெல், பழைய வட ஐரோப்பிய நார்ஸ் கதைகளில் அட்லி என்று ஊருக்கு ஊர் மாறிய பெயர்தானே. ஹூண மொழி என்று நம் கையில் இருப்பது ஆட்களின் பெயர்கள் போக மெதோஸ், காமோஸ், ஸ்த்ராவா என்று மூன்றே சொற்கள், அவையும் ஹூணச் சொற்கள்தானா என்பதே தகராறு. இதை வைத்துக்கொண்டு ரெண்டு பேரும் சத்தியம் பண்ணுகிறீர்கள்.

இரும்புவேலி: சமாதானத் தூதர் வந்தாச்சு. "இருக்கலாம்" என்றால் எதுவும் இருக்கலாம். இலா இருக்கிறது, கண்ணுக்கு முன்னால் இருக்கிறது.

பொஸ்பரஸ்ராஜா: பிரித்சாக் என்ற அறிஞர் 1982-லேயே இந்தக் குடும்பத்துப் பெயர்களைத் துருக்கிய வழியில் விளக்கியிருக்கிறார், அவரைவிட நீங்கள் பெரியவரா? முதலில் துருக்கியில் எப்படி எழுதுகிறார்கள் என்றாவது தெரியுமா? பலர் ஒரே ஒரு த், ரெண்டு ல் போட்டு அதில்லா என்று எழுதுகிறார்கள். உங்கள் இலாவை அங்கே எங்கே வெட்டுவீர்கள்?

இரும்புவேலி: 5-ஆம் நூற்றாண்டுப் பெயருக்கு இன்றைய அடையாள அட்டையைக் காட்டுகிறீர்களா? பேஷ்.

ஏர்வாடித்தம்பி: துருக்கியிலும் பல்லில் நாக்கைத் தொட்டுச் சொல்லும் "த" தானே? அப்படியானால் அத்திலா என்றல்லவா எழுத வேண்டும். "ட்" போட்டது யார்? இங்கிலீஷ் வழியாக வந்த ஆள் யார் என்று இதிலேயே தெரிகிறது.

இரும்புவேலி: தம்பி, தலைப்பில் நான் அவர் பட்டியலில் இருந்த எழுத்தைத்தான் போட்டேன், அதற்கும் அவரையே கேள்.

பொஸ்பரஸ்ராஜா: என் எழுத்தைப் பற்றிப் பேச வந்துவிட்டார்கள். வோல்காவைத் துருக்கிய மொழி பேசும் தாத்தார்கள் இன்றும் இதெல் என்கிறார்கள், அதே இனத்து மொழி பேசும் சுவாஷ்கள் அத்தல் என்கிறார்கள், இடைக்காலத்தில் அங்கே ஆண்ட கசார்களின் தலைநகரமே அத்தில். ஆறு ஓடிக்கொண்டுதான் இருக்கிறது, உங்களுக்குத்தான் தெரியவில்லை.

புதாபெஸ்ட்மாமி: "ஒ" பற்றி நான் சொன்னதற்கு ஒருத்தரும் பதில் சொல்லவில்லை, கவனித்துக்கொண்டுதான் இருக்கிறேன்.

இரும்புவேலி: ராஜா, 541-இல் இத்தாலியில் பட்டத்துக்கு வந்த கோத்திய அரசன் பெயர் தோத்திலா. அவனுக்கு எந்த ஆறு? வுல்ஃபிலாவுக்கு எந்த ஆறு? ரெண்டையும் தேடி எழுதுங்கள், நான் இங்கேதான் இருக்கிறேன்.