மறு: பொருளைப் பிறப்பிக்கும் குறிக்குத் தமிழில் என்ன பெயர்? ‘ஈனெழுத்து’ என்கிறேன்

நண்பர்களுக்கு வணக்கம்.

இந்த உரையாடல் இழை நீண்டதில் பாதிப்பேர் வேறெதற்கோ சொல் தேடத் தொடங்கிவிட்டோம், அதனால் கேள்வியைத் திரும்பச் சொல்லிவிடுகிறேன். நண்பர் எழுதும் நாவலின் உலகத்தில் முதலில் இருப்பவை குறிகள்தான். மலை இருந்து அதற்கு யாரும் குறி வைப்பதில்லை. குறி விழுந்த பிறகுதான் மலை எழுகிறது, குறியை அழித்தால் மலையும் போய்விடும். தொல்காப்பியர் ‘எல்லாச் சொல்லும் பொருள் குறித்தனவே’ என்றார், இங்கே பொருளே குறிக்குப் பிறகுதான் வருகிறது. அப்படிப்பட்ட குறிக்கு ஒரு பெயர் வேண்டும், அந்தத் திசை பெயரிலேயே தெரிய வேண்டும். தெரியாவிட்டால் ‘குறியீடு’ என்றே விட்டுவிடலாம், புதுச்சொல் எதற்கு?

இதுவரை வந்தவற்றில் ‘படைப்பெழுத்து’ கதை, கவிதை எழுதுவதற்கே வழங்கிவிட்டது. ‘ஆக்கக்குறி’ என்றால் இன்றைக்கு உரையும் படமும் ஆக்கித்தரும் ஏஐ (செயற்கை நுண்ணறிவு) நினைவுதான் வரும். ‘வித்தெழுத்து’ அழகான சொல், ஆனால் மந்திரத்தின் வித்தாகக் கருதப்படும் எழுத்தான பீசாட்சரத்துக்கு உரியது. மந்திர நூல் படித்தவர்கள் அதை வேறெதற்கும் விட்டுத்தர மாட்டார்கள், விட்டுத்தரவும் வேண்டாம்.

சைவ சித்தாந்தத்திலிருந்து ‘வன்னம்’ (எழுத்து) எடுக்கலாம் என்று சொன்னவருக்குக் கொஞ்சம் விரிவாகவே பதில் எழுத வேண்டும், ஏனென்றால் இந்த இழையில் வந்த யோசனைகளில் ஆழமானது அதுதான். சித்தாந்தம் சொல்லும் ஆறு அத்துவாக்களில் (வழிகளில்) மந்திரம் 11, பதம் 81, வன்னம் 51 என்று மூன்றும் சொல் பக்கம். கலை 5, தத்துவம் 36, புவனம் 224 என்று மூன்றும் பொருள் பக்கம். எண்ணிக்கையோடு இவ்வளவு கட்டுக்கோப்பாக ஓர் அண்ட அமைப்பு நம் கையிலேயே இருக்கும்போது ஆசை வரத்தான் செய்யும். ஆனால் அங்கே எழுத்து உலகத்தைப் பெறுவதில்லை. சொற்பிரபஞ்சம், பொருட்பிரபஞ்சம் என்று இரண்டும் தனித்தனியே பேசப்படுகின்றன. சொற்பிரபஞ்சத்துக்கு மூலம் சுத்தமாயை என்ற தூய மூலப்பொருள். வன்னத்திலிருந்து புவனம் பிறப்பதாகச் சித்தாந்தம் சொல்லவில்லை. நாவலுக்காக அந்தச் சொல்லை வளைத்தால், நாளைக்குச் சித்தாந்தம் படிக்க வருபவர் தவறாகப் புரிந்துகொண்டு வருவார். இதில் எனக்குச் சமாதானமே இல்லை.

நண்பரின் உலகத்துக்கு நெருக்கமானது எபிரேய மரபு. செஃபெர் யெட்சிரா என்ற பழைய நூலில் 22 எழுத்துகளைக் கொண்டே எல்லாம் படைக்கப்படுகின்றன. அவற்றில் அலெஃப், மெம், ஷின் மூன்றுக்கும் அங்கே ‘தாய்’ என்றே பெயர். அலெஃபுக்குக் காற்று, மெம்முக்கு நீர், ஷின்னுக்கு நெருப்பு. அந்தத் தாய் என்ற எண்ணத்தைப் பிடித்துக்கொண்டுதான் ‘ஈன்’ (பெற்றெடு) என்ற வேருக்குப் போனேன்.

முதலில் ‘ஈன்குறி’ என்று முன்வைத்தவர் பாதி வழி வந்துவிட்டார். ஆனால் ஆண்குறி, பெண்குறி என்று கேட்டுப் பழகிய காதுக்கு, அதுவும் பக்கத்தில் ‘ஈன்’ நிற்கும்போது, வேறு பொருள்தான் முதலில் தோன்றும். அதனால் ஈனெழுத்து. ஈன்ற எழுத்து, ஈனுகின்ற எழுத்து, ஈனும் எழுத்து என்று வினைத்தொகையாக மூன்று காலத்துக்கும் பொருந்துகிறது. குறி இருக்கும்வரை மலையும் இருக்கும் என்ற நண்பரின் விதிக்கு இது மிகச்சரி.

‘ஈனம்’ (இழிவு) நினைவுக்கு வராதா என்ற தடை வரும். ‘ஈன’ என்பதோடு எழுத்து சேர்ந்தால் ஈனவெழுத்து என்றுதான் ஆகும், ஈனெழுத்து ஆகாது. தவிர, எரிபொருளையும் ஈனும் அணு உலையான கல்பாக்கத்தின் அதிவேக ஈனுலையைப் பற்றிச் செய்தி வந்தால் யாரும் அதை இழிந்த உலை என்று படிப்பதில்லை.

‘ஈன்’ என்ற வேருக்குக் கணினியில் இன்னொரு பயனும் இருக்கிறது. அரிஸ்டிட் லிண்டன்மேயர் என்ற ஹங்கேரிய உயிரியலாளர் 1968-ல் பாசியின் வளர்ச்சியை வெறும் எழுத்து மாற்றமாக எழுதிக் காட்டினார். நம் எழுத்தில் சொன்னால், அ வரும் இடத்தில் அஆ, ஆ வரும் இடத்தில் அ. தொடக்கம் அ; அப்புறம் அஆ, அஆஅ, அஆஅஅஆ, அஆஅஅஆஅஆஅ. நீளம் 1, 2, 3, 5, 8 என்று ஃபிபனாச்சி வரிசையில் போகும். பின்னால் கிளை பிரிவதற்கும் குறி சேர்த்து, இதே முறையில் கணினித் திரையில் செடியும் மரமும் வளர்த்தார்கள். இந்த மாற்று விதியை ‘ஈனல் விதி’ என்றால் கணினிப் பாடத்திலும் உறுத்தாமல் உட்காரும். நாவலுக்கும் பாடநூலுக்கும் ஒரே வேர் கிடைப்பது அரிது, அதை விட்டுவிடக் கூடாது.

மிச்சமிருப்பது ஒன்று. எதையும் பிறப்பிக்காமல் தானாகவே நிற்கும் குறிகளும் அந்த உலகத்தில் உண்டு என்று நண்பர் எழுதியிருந்தார், அவற்றுக்கு ‘மலட்டெழுத்து’ என்று ஒருவர் சொன்னார். அந்தச் சொல்லால் எத்தனையோ பெண்களை வதைத்திருக்கிறோம், அதைக் கலைச்சொல் பட்டியலில் ஏற்ற நான் உடன்படமாட்டேன். ‘நிலையெழுத்து’ என்று வைக்கலாமா? மறுப்பு இருந்தால் சொல்லுங்கள்.