எக்ஸ்பார்ட்டி டிகிரியை ரத்து செய்ய பாதிப் பணம் கட்டியே ஆகவேண்டுமா?

காவிரிக்கரை:
புரோநோட்டு பாக்கி 3 லட்சம் என்று அண்ணன் மேல் ஈரோட்டில் வழக்கு. சம்மன், அண்ணன் காலி செய்துவிட்ட பழைய வாடகை வீட்டுக்குப் போய், கதவில் ஒட்டியதாக ரிப்போர்ட் ஆகியிருக்கிறது. அண்ணன் ஆஜராகாததால் எக்ஸ்பார்ட்டி டிகிரி (ஒருதலைத் தீர்ப்பு) ஆகி ஏழெட்டு மாதம் இருக்கும். போன வாரம் சம்பள ஜப்தி கேட்டு இ.பி. (டிகிரியை நிறைவேற்றக் கோரும் மனு) நோட்டீஸ் ஆபீசுக்கே வந்துவிட்டது. 30 நாள் தாண்டிவிட்டதால் முடியாது, முடிந்தாலும் பாதிப் பணம் கட்டணும் என்கிறார்கள். சரியா?

கேவியட்:
இரண்டுமே அரைகுறைத் தகவல். மனு உரிமையியல் நடைமுறைச் சட்டம் ஆர்டர் 9 ரூல் 13-இல் போடவேண்டும். காலவரையறைச் சட்டம் 123-ஆம் இனப்படி டிகிரி தேதியிலிருந்து 30 நாள். ஆனால் சம்மன் முறைப்படி சார்வாகவில்லை (சேர்ப்பிக்கப்படவில்லை) என்றால், டிகிரி பற்றித் தெரியவந்த நாளிலிருந்து 30 நாள். அதனால் இ.பி. நோட்டீஸ் கைக்கு வந்த தேதிதான் இப்போது உயிர்நாடி. நகல் வாங்க ஆகும் நாட்களை அப்பீலுக்குக் கழிப்பதுபோல இந்த மனுவுக்குக் கழிக்க முடியாது. நகலுக்காகக் காத்திருக்காதீர்கள்.

முதல் வேலை, வக்கீல் மூலம் வழக்குக் கட்டைப் பார்ப்பது. சம்மனின் பின்பக்க எழுத்தில்தான் எல்லாம் இருக்கிறது. தபால் கவர் 'வாங்க மறுத்தார்' என்று திரும்பியிருந்தால் சார்வானதாகவே எடுத்துக்கொள்வார்கள். 'இடம் பெயர்ந்தார்' என்றால் உங்களுக்குச் சாதகம். கதவில் ஒட்டியது ஆர்டர் 5 ரூல் 17-படி அமீனா (சம்மன் கொண்டுவரும் கோர்ட் ஊழியர்) தானாகச் செய்ததா, ரூல் 20-இல் கோர்ட் உத்தரவு வாங்கி ஒட்டியதா என்று பாருங்கள். ரூல் 20 என்றால் 123-ஆம் இனத்துக்கு அது முறையான சார்வே அல்ல என்று சட்டமே சொல்கிறது. ரூல் 17 என்றால், வீட்டை அடையாளம் காட்டியவர் பெயர் ரிப்போர்ட்டில் உண்டா, அன்றைக்கு அண்ணன் அங்கே குடியிருந்தாரா என்பதை வைத்து அடிக்க வேண்டும். புது வீட்டு வாடகை ஒப்பந்தம், கேஸ் பில், ஆதார் முகவரி மாற்றம், எல்லாவற்றையும் சேர்த்துக் கட்டுங்கள்.

தராசுமுள்:
நிபந்தனை பற்றி. செலவுத்தொகை, கோர்ட்டில் பணம் கட்டுதல் என்று எந்த நிபந்தனையும் விதிக்க ரூல் 13 அதிகாரம் தருகிறது. பாதித் தொகை என்ற கணக்கு சட்டத்தில் எங்கும் இல்லை. சம்மனே வரவில்லை என்று நிரூபித்தவரிடம் பெரும் தொகை கேட்பது நியாயமில்லை என்று வாதாடலாம். சம்மன் வாங்கியும் வராமலிருந்தவர், எதிர்வாதம் வலுவில்லாதவர், இழுத்தடிக்கிறார் என்று தோன்றுபவர், இவர்களுக்குத்தான் டெபாசிட் உத்தரவு அதிகம் விழும். அதனால் எதிருரையையும் (எழுத்து மூலமான பதிலையும்) மனுவோடு சேர்த்தே தாக்கல் செய்யுங்கள். 'பிறகு தருகிறோம்' என்பதுதான் நீதிபதியைக் கண்டிஷன் பக்கம் தள்ளும்.

எதிருரையில் 'கையெழுத்து என்னுடையதுதான்' என்று எழுதினால், மாற்றுமுறை ஆவணச் சட்டம் 118-ஆம் பிரிவின்படி கைமாறு (அதற்கு ஈடான பணம்) பெற்றதாக அனுமானம் வரும். பணம் வாங்கவில்லை என்று காட்டும் சுமை உங்கள் தலையில். யோசித்து எழுதுங்கள்.

கேவியட்:
விட்டுப்போனது ஒன்று: காலவரையறைச் சட்டம் பிரிவு 5-இல் தாமத மன்னிப்பு மனுவும் கூடவே போடுங்கள். 'சம்மன் சார்வாகவில்லை, சார்வானதாகக் கோர்ட் கருதினால் தாமதத்தை மன்னிக்க வேண்டும்' என்று மாற்று நிலையாக எழுதினால் முரண்பாடு வராது. எதிர்த்தரப்புக்கு நோட்டீஸ் போகாமல் டிகிரியை ரத்து செய்ய முடியாது, பேட்டாவை (நோட்டீஸ் அனுப்பும் கட்டணத்தை) உடனே கட்டிவிடுங்கள். பேட்டா கட்டாமலே தள்ளுபடியாகும் மனுக்கள் நிறைய.

அடங்கல்:
மனு போட்டதால் மட்டும் இ.பி. நிற்காது. டிகிரி கொடுத்த கோர்ட்டிலேயே உரிமையியல் நடைமுறைச் சட்டம் பிரிவு 151-இல் தடை கேளுங்கள். இ.பி.யில் ஆஜராகி, இந்த மனு எண்ணைக் குறிப்பிட்டு எதிருரை போடுங்கள். அங்கேயும் எக்ஸ்பார்ட்டி ஆகிவிட வேண்டாம்.

சம்பளம் முழுவதும் போகாது. முதல் 1,000 ரூபாயும் மீதியில் மூன்றில் இரண்டு பங்கும் பிரிவு 60-படி தப்பும். 31,000 சம்பளம் என்றால் மாதம் 10,000 வரை பிடிக்கலாம், ஒரே டிகிரிக்கு மொத்தம் 24 மாதம்தான்.

மனு தள்ளுபடியானால் ஆர்டர் 43 ரூல் 1(டி)-இல் அப்பீல் உண்டு. டிகிரி மீதே பிரிவு 96(2)-இல் நேரடி அப்பீலும் போடலாம். ஆனால் அந்த அப்பீல் முதலில் தீர்ப்பாகிவிட்டால் ரூல் 13 மனு நிற்காது.

காவிரிக்கரை:
நன்றி. கண்டிஷன் போட்டு, குறித்த நாளுக்குள் கட்ட முடியாமல் போனால்?

தராசுமுள்:
மனு தானாகத் தள்ளுபடி ஆகும்படிதான் உத்தரவு பொதுவாக இருக்கும். கெடு முடியும் முன்பே பிரிவு 148-இல் நீட்டிப்பு கேளுங்கள். முடிந்த பிறகும் கேட்கலாம், ஆனால் காரணம் பலமாக வேண்டும். டெபாசிட் என்றால் வழக்கு எண் போட்டு கோர்ட் கணக்கில் சலானில் கட்டணும், வாதி கையில் கொடுத்தால் கணக்கில் வராது. செலவுத்தொகையை எதிர் வக்கீலிடம் கொடுத்து ரசீது வாங்கி மெமோ போடுங்கள். அவர் வாங்க மறுத்தால், கெடு நாளுக்குள்ளேயே கோர்ட்டில் கட்டிவிடுங்கள்.